கீசக வதம் எடுத்த நடராஜ முதலியார்



விழுப்புரத்தை அடுத்த கெடாரில் இருக்கும் மாணவர் ஒருவர் இன்று கைப்பேசியை விரலால் தொட்டாற்போதும். உலகத்துப் படங்களெல்லாம் அவருடைய உள்ளங்கையில் ஓடும். ஆனால் தமிழர் ஒருவர் முதன்முதலாக எடுத்த கதைப்படத்தை அவரால் காண இயலாது. அதன் சுருள் இன்று எஞ்சவில்லை. அதனை எடுத்தவர் ஆர். நடராஜ முதலியார்.

1885இல் வேலூரில் பிறந்த அவர், சென்னையில் மோட்டார் வண்டி வாணிகம் செய்து வந்தார். வண்டி விற்பவருக்குச் சினிமாவில் என்ன வேலை என்று கேட்பீர்கள். இக்கலை தோன்றிய காலத்தில் அதற்கென்றே பயின்றவர் எவர்? ருஷ்ய நாட்டில் 1908இல் முதற் கதைப்படத்தை வெளியிட்ட திரன்கோவ் ஒரு புகைப்படக்காரர். 1911இல் 'செவஸ்தோபோல் பாதுகாப்பு' என்னும் நெடும்படத்தைத் தந்த கன்ஜோன்கோவோ படை அதிகாரியாக இருந்தவர். நம் முதலியாரைத் தூண்டியவை பால்கேயின் படங்கள். புனாவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்னும் ஆங்கிலேயரிடம் காமிராவை இயக்கக் கற்று, சென்னை கீழ்ப்பாக்கத்தில் இந்தியா பிலிம் கம்பெனியைத் தொடங்கினார்.

முதற் படத்திற்கு அவர் தேர்ந்த கதை 'கீசக வதம்'. ஊமைப்படத்திற்கு இதைவிடப் பொருத்தமான கதை அமைவது அரிது என்பேன். பாரதக் கூத்தை விடிய விடியக் கண்டு பழகிய நம் வட்டாரத்து மக்களுக்குத் திரௌபதியின் துயரை எவரும் விளக்க வேண்டியதில்லை. வாய் அசைந்தாலே வசனம் அவர்கள் காதில் ஒலித்துவிடும்! கதை அறியாதவர்க்கு இடையிடையே எழுத்து அட்டைகள் உதவின.

படப்பிடிப்பு முடிய 35 நாட்கள் ஆயின. படத்தின் நீளம் சுமார் 6,000 அடி. ஓர் அடிச் சுருளில் 16 படங்கள். விநாடிக்கு 16 படங்கள் வீதம் கையாற் சுழற்றி எடுப்பது அக்கால வழக்கம். ஆகவே அது ஓடும் நேரம் ஏறத்தாழ 100 நிமிடங்கள் என்று நீங்களே கணக்கிட்டு விடலாம். அத்தனை நேரமும் கைச்சுழற்சி தளராதிருக்க வேண்டும். தளர்ந்தால் திரையில் வீமன் துள்ளி ஓடுவான். சுருளைக் கழுவுவதோ அதனினும் பெருந்தொல்லை. வெந்நீர் பட்டால் சுருளின் மேற்பூச்சு இளகிவிடும். சென்னை வெயிலுக்கு அஞ்சி அவர் பெங்களூரில் அதற்கென ஆய்வுக்கூடம் அமைத்தார்.

செலவு ரூ. 35,000 என்றும் வரவு ரூ. 50,000 என்றும் கூறுவர். ஊக்கங்கொண்ட முதலியார் மேலும் சில புராணப் படங்களை எடுத்தார். 1923இல் அவருடைய படநிலையம் தீக்கிரையாயிற்று, மகனையும் இழந்தார். கம்பெனி மூடப்பட்டது.

1931இல் 'காளிதாஸ்' வெளிவந்து தமிழ்த்திரை பேசத் தொடங்கியபோதும் அவர் உயிருடன் இருந்தார். ஆயினும் மீண்டும் படமெடுக்க அவர் முன்வரவில்லை.