நினைவின் திரிவு



மாலை மயங்கும் வேளையில் தொலைவிலே ஓர் உருவம் நிற்கின்றது. மரக்கட்டையோ, மனிதனோ என்று உள்ளம் ஊசலாடுகின்றது. இது ஐயக்காட்சி. கிடந்த கயிற்றைப் பாம்பென்றே துணிந்துவிட்டால் அது திரிவுக்காட்சி. ஐயமும் திரிவும் நீங்கக் காண்பதே குற்றமற்ற காட்சி என்பது சிவஞான சித்தியாரில் அருணந்தி சிவாசாரியார் உணர்த்திய அளவை முறை.

கண்ணின் திரிவுக்கு விளக்குண்டு. ஏற்றினால் பாம்பு மறைந்து கயிறு தோன்றும். நினைவின் திரிவுக்கு என் செய்வது? தருக்கசங்கிரகம் அறிவை அனுபவம், நினைவு என இரண்டாக வகுத்து, முன்னை அனுபவம் விட்டுச் சென்ற வாசனையால் மட்டும் பிறப்பது நினைவு என்கின்றது. கூடையிலே பூ இல்லை, மணமே எஞ்சியிருக்கின்றது. அம்மணத்தோடு வேறு மணமும் கலத்தல் கூடும் அன்றோ?

இக்காலத்து உளநூலாரும் இதனைச் சோதித்தனர். 1974ஆம் ஆண்டில் அமெரிக்க நாட்டு எலிசபெத் லாஃப்டஸ் என்னும் அம்மையாரும் அவர்தம் துணைவர் ஒருவரும் கார்கள் மோதும் படமொன்றைச் சிலருக்குக் காட்டினர். கார்கள் 'மோதியபோது' வேகம் என்ன என்று 50 பேரையும், 'நொறுங்க மோதியபோது' வேகம் என்ன என்று வேறு 50 பேரையும் வினவினர். ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைக் கண்டீர்களா என்று கேட்டபொழுது, முன்னவருள் 7 பேரும் பின்னவருள் 16 பேரும் கண்டோம் என்றனர். படத்திலே உடைந்த கண்ணாடியே இல்லை! பின்னர் வந்த ஒரு சொல், முன்னர்க் கண்டதை மாற்றிவிட்டது.

அடியேன் அனுபவமும் அதுவே. எந்தையார் சிவபதம் அடைந்த நாளில் தமையனார் வரவில்லை என்று முப்பது ஆண்டுகள் மனத்திலே சுமந்திருந்தேன். அவர் வாராத வாயிற்படி கண்முன்னே நிற்கும். அவரும் மறைந்தபின், அண்ணியார் பழம்பெட்டியிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்துத் தந்தார். அன்றிரவு முழுதும் உடனிருந்து தாங்கியமைக்கு அண்ணனை வணங்கி எழுதிய கடிதம். எழுதியவன் நானே!

இடையிலே நிகழ்ந்தது பாகப்பிரிவினை. பளிங்கு போல உயிர் சார்ந்ததன் வண்ணமாகும் என்பது நம் சித்தாந்தம். என் நினைவும் சினத்தைச் சார்ந்து சினத்தின் வண்ணமாயிற்று. 'நான் கண்டேன், நான் அறிவேன்' என்னும் செருக்கு அதனைக் காத்து நின்றது.

கண்ணுக்கு ஞாயிற்றின் ஒளி போல, உயிரறிவுக்குத் திருவருள் வேண்டும். அவ்வருளை வேண்டுவோர் முதற்கண் தம் அறிவின் சிறுமையை உணர்தல் வேண்டும். உடன்பிறந்தாரோடு பிணங்கியவர் இங்கு இருப்பின், நாளைத் தேர்வடம் தொடுமுன் அவர் வாயிலுக்குச் சென்று, 'எனக்கு நினைவு இவ்வாறு; உங்களுக்கு எவ்வாறு?' என்று கேளுங்கள். அடியேன் கேளாமல் இருந்துவிட்டேன்.

திருச்சிற்றம்பலம்.