கல் வேண்டாம் என்றவர்

திருப்பூரில் காலை ஷிப்டுக்குக் கிளம்பும் நெல்லைச் சீமைக்காரர்களே, இது உங்கள் ஊர்ப்பக்கத்துக் கதை.

அயர்லாந்தில் பிறந்த ஏமி கார்மைக்கேல், கிறிஸ்துவின் பணிக்கென்று 1895-இல் இந்தியா வந்தார். பிறகு ஒருமுறைகூடத் தாய்நாடு திரும்பவில்லை. கோயிலுக்குப் பொட்டுக்கட்ட இருந்த சிறுமிகளுக்கு 1901 முதல் டோனாவூரில் அடைக்கலம் தந்தார். 1931-இல் தவறி விழுந்தவருக்குக் கடைசி இருபது ஆண்டுகள் பெரும்பாலும் படுக்கைதான். விட்டாரா? படுத்தபடியே புத்தகம் புத்தகமாக எழுதினார்.

தன் கல்லறைமேல் கல் நடக்கூடாது என்று சொல்லி வைத்திருந்தார். நாம் தைக்கும் பனியனிலும் தைத்தவர் பெயர் இருப்பதில்லையே! 1951-இல் அவர் மறைந்தபின், அவர் வளர்த்த பிள்ளைகள் கல்லறைமேல் பறவைகளுக்கு ஒரு தண்ணீர்த்தொட்டி வைத்தார்கள்.

அவர் தொடங்கிய டோனாவூர் ஐக்கியம் இன்றும் நடக்கிறது. அடுத்தமுறை ஊருக்குப் போனால், களக்காட்டுப் பக்கம் ஓர் எட்டு போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள்.