பெயரில் வாழும் மரங்கள்



நம் நாட்டின் மலாக்கா நகரம் நெல்லி மரத்தின் மலாய்ப் பெயரால் அமைந்தது என்பது மரபுவழிச் செய்தி. நிலத்தைக் குறிஞ்சி என்றும் முல்லை என்றும் செடிகொடியின் பெயரால் வழங்கிய தமிழர்க்கு இது வியப்பன்று. மேற்குக் கனடாவிலும் அத்தகைய நகரம் ஒன்றுண்டு, அது சாஸ்கட்டூன். அதைத் தொடக்கமாகக் கொண்டு, அங்குள்ள புல்வெளியிலும் ராக்கி மலைச்சாரலிலும் வளரும் மூன்று நிலைத்திணைகளைக் காண்போம்.

சாஸ்கட்டூன் என்பது வெண்பூவும் கருநீலக் கனியும் தரும் புதர்ச்செடி. கிரீ மக்கள் அதன் கனியை ‘மிசாஸ்குவாடோமினா’ என்பர். குடியேறியோர் நாவில் அது குறுகிச் சாஸ்கட்டூன் ஆயிற்று. உலர்த்தி இடித்த காட்டெருமை இறைச்சியில் உருக்கிய கொழுப்பையும், சில வேளைகளில் இக்கனியையும் கலந்து செய்த உணவே பெமிக்கன். நெடுநாள் கெடாத அவ்வுணவு, பிற்காலத்தில் விலங்குத்தோல் வணிகரின் நெடும்பயணங்களுக்கும் கட்டுச்சோறாயிற்று.

இரண்டாவது, லாட்ஜ்போல் பைன். 1984இல் ஆல்பர்ட்டா மாநிலத்தின் மரமாக அறிவிக்கப்பட்டது இதுவே. லாட்ஜ்போல் என்பதற்குக் கூடாரக்கால் என்பது பொருள். மெலிந்து நிமிர்ந்த இதன் தண்டுகளை நட்டே பழங்குடியினர் தம் கூம்புக் கூடாரங்களை எழுப்பினர். இம்மரத்தின் காய்கள் பலவற்றைப் பிசின் இறுக மூடியிருக்கும். காட்டுத்தீயின் வெப்பத்தில் அப்பிசின் உருகும். காய் திறந்து விதைகள் வெந்த மண்ணில் வீழும். நிழல் நீங்கிய வெளியில் இளங்காடு எழும். ஆக, அழிவு எனத் தோன்றும் தீயே அடுத்த தலைமுறைக்கு வாயிலாகிறது.

மூன்றாவது, ஆஸ்பென். தட்டையான காம்பினால் இதன் இலை மெல்லிய காற்றிலும் நடுங்கும். மேலே தனித்தனி மரங்களாய்த் தோன்றும் ஒரு தோப்பு, மண்ணுக்குள் ஒரே வேர்த்தொகுதியாக இருப்பதுண்டு. தீயில் தண்டுகள் மடிந்தாலும் வேரிலிருந்து புதுக்கன்றுகள் கிளைக்கும்.

இம்மரங்களை நன்கறிந்த மக்களின் மொழிகளுக்கு நேர்ந்தது என்ன? பழங்குடிச் சிறார்கள் உறைவிடப் பள்ளிகளுக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். அங்குத் தாய்மொழியில் பேசுதல் தடுக்கப்பட்டது. 2008இல் கனடாவின் தலைமை அமைச்சர் நாடாளுமன்றத்தில் அதற்கு மன்னிப்புக் கோரினார். மரம் வேரிலிருந்து மீண்டும் துளிர்க்கும். மொழியோ, பாட்டியின் நாவிலிருந்து பேரனின் செவிக்குச் சென்றால்தான் துளிர்க்கும். அந்த வழி அடைபட்டால், எக்கனியை எப்பொழுது பறிப்பது, எத்தண்டை எதற்கு வெட்டுவது என்னும் அறிவும் உடன் மறையும்.

ஆசிரியப் பெருமக்களே, இம்மரங்களைப் பொதுவாகக் ‘குளிர்நாட்டு மரங்கள்’ என்று கூறிக் கடந்துவிடலாகாது. லாட்ஜ்போல் பைனைக் ‘கூடாரக்கால் பைன்’ என்று சொல்லிப் பாருங்கள். பெயரே பாதிப் பாடத்தை நடத்திவிடும். ஆஸ்பென் அரசிலைபோல் நடுங்கும், வாழைபோல் கன்று ஈனும் என்று சொல்லுங்கள். காணாத மரமும் மாணவர் கண்முன் நிற்கும். சாஸ்கட்டூனை மட்டும் சாஸ்கட்டூன் என்றே வழங்குவோம். அது கிரீ மக்களின் சொல். அதைக் காப்பது அவர்களுக்கு நாம் செய்யும் மரியாதை.

மாணவச் செல்வங்களே, இன்று வீடு திரும்பும் வழியில் காணும் ஒரு மரத்தின் தமிழ்ப் பெயரையும் மலாய்ப் பெயரையும் கேட்டறியுங்கள். பெரியோர் இருக்கும்போதே கேட்டுவிடுங்கள்.