வஞ்சியில் எழுந்த வினா

குமுளியை அடுத்த மங்கலதேவிக் கோட்டத்திலே, ஆண்டுக்கொரு நாள், சித்திரைப் பௌர்ணமியன்று, தமிழரும் மலையாளிகளும் கூடிக் கண்ணகியை வழிபடுகின்றனர். சாத்தனாரின் மணிமேகலையும் வஞ்சியில் கண்ணகி படிவத்தை வணங்கிய பின்னரே, மாதவன் வடிவுகொண்டு சமயவாதிகளின் கொள்கைகளைக் கேட்கிறாள். அமுதசுரபியும் வான்வழிச் செலவும் நிறைந்த அக்கற்பனை உலகில், 27ஆம் காதையின் தருக்கம் மட்டும் மெய்யுலகைச் சார்ந்தது.

ஆத்திப்பூவும் வெல்லமும் சேரக் களிப்புப் பிறப்பதுபோலப் பூதங்கள் கூட உணர்வு பிறக்கும் என்பான் பூதவாதி. கண்கூடாகக் காண்பதன்றிக் கருத்தளவையை அவன் ஏலான். அங்ஙனமாயின், தாய் தந்தையரை எவ்வாறு அறிந்தாய் என வினவுகிறாள் மணிமேகலை.

அயல்மாநிலத்திற் பிறந்த நம் மக்கள் பாலக்காட்டுக் கணவாய்க்கு அப்பாலுள்ள பாட்டனார் ஊரைக் கண்டிலர். நம் சொல்லே அவர்கட்குச் சான்று. அதிற் பொய் கலவாது காப்பது நம் கடன்.