சாவித்திரி என்னும் திருநாமம்



ஒரு மாதரசியின் நினைவைப் போற்றும் பொருட்டு நிறுவப்பெற்ற இவ்வறக்கட்டளையின் சார்பில் பேசுமாறு பணிக்கப்பெற்றபொழுது, பெண்மக்களின் பெயர்களுள் ஒன்றையே பொருளாகக் கொள்வது தகும் என்று எனக்குத் தோன்றியது. அங்ஙனம் தோன்றியவுடன், எத்தனையோ தலைமுறைகளாக இந்நாட்டில் வீட்டுக்கு வீடு வழங்கிவருவதும், அவ்வாறு வழங்கிப் பழகிவிட்டமையாலேயே அதன் பொருளை நாம் நின்று நோக்காமல் விட்டதுமாகிய சாவித்திரி என்னும் திருநாமமே மனத்தில் வந்து நின்றது. பதிவிரதை என்ற ஒரு சொல்லுக்குள் அப்பெயரை அடக்கிவிட்டோம். அது அவ்வாறு அடங்குவதன்று என்பதே இன்று யான் விண்ணப்பித்துக்கொள்ளும் செய்தி.

வடமொழியில் 'ஸூ' என்னும் தாதுவுக்குத் தூண்டுதல், ஏவுதல் என்பது ஒரு பொருள். ஈனுதல் என்பது மற்றொன்று. அத்தாதுவினின்று பிறந்த ஸவிதா என்னும் பெயர் சூரியனுக்கு உரியதாயினும், வானத்தில் நாம் கண்ணாற் காணும் ஒளிவட்டத்தை மட்டும் குறிப்பதன்று. விடியலில் உயிர்களைத் தத்தம் தொழிலுக்கு எழுப்பிவிட்டு, அந்தியில் அவற்றை மீண்டும் இளைப்பாறச் செய்கின்ற ஏவலாற்றலையே வேத காலத்து முனிவர் அப்பெயரால் வாழ்த்தினர். அந்த ஸவிதாவுக்கு உரியவள் ஸாவித்ரீ. வடசொல்லின் ஈற்று ஈகாரம் தமிழில் இகரமாகும் என்னும் நன்னூல் விதிப்படி, நதீ நதியானதுபோல, ஸாவித்ரீ நமக்குச் சாவித்திரி ஆயினாள்.

இருக்கு வேதத்தின் மூன்றாம் மண்டலத்தில், 62-ஆம் சூக்தத்தில், 10-ஆவதாக அமைந்த விசுவாமித்திரருடைய மந்திரத்தை நாம் காயத்திரி என்று வழங்குகிறோம். காயத்திரி என்பது எட்டெட்டு அக்ஷரங்கள் கொண்ட மூன்று பாதங்களாலாகிய, 24 அக்ஷரச் சந்தத்தின் பெயர். ஸவிதாவை நோக்கியதாகலின் அம்மந்திரத்துக்குச் சாவித்திரி என்பதே தேவதை பற்றி வந்த பெயர். அதில் பொன் வேண்டப்படவில்லை, பசுக்கூட்டம் வேண்டப்படவில்லை, புத்திரசம்பத்தும் வேண்டப்படவில்லை. எங்கள் புத்தியைத் தூண்டுக என்ற ஒரே பிரார்த்தனைதான் உள்ளது. உரிய பிராயத்தில் உபநயனம் பெறாதவரைச் 'சாவித்ரீபதிதர்', அதாவது சாவித்திரியினின்று வழுவியவர், என்று மனுதர்மம் கூறுகிறது. அறிவின் வாயிலாகக் கருதப்பட்ட மந்திரத்துக்குப் பெண்ணின் பெயரை வைத்த சமுதாயமே, பிற்காலத்தில் அம்மந்திரத்தைப் பெண்ணின் செவிக்கு எட்டாதபடி வைத்ததை எண்ணும்போது என் உள்ளம் வருந்துகிறது. ஆதியில் நிலை அவ்வாறிருந்ததாகத் தோன்றவில்லை. இன்றும் விவாகங்களில் ஓதப்படும் பல மந்திரங்களுக்கு மூலமான பத்தாம் மண்டலத்து 85-ஆம் சூக்தத்தைக் கண்ட ரிஷி யாரென்று வினவினால், ஸவிதாவின் புதல்வியாகிய சூர்யா சாவித்திரி என்ற பெண்ணின் பெயரையே வேதத்துக்கு அட்டவணையாகிய அநுக்கிரமணி நூல் உரைக்கின்றது.

இனி, உலகம் அறிந்த சாவித்திரியிடம் வருவோம். திரௌபதியைச் சயத்திரதன் கவர்ந்து சென்று, பாண்டவர் அவளை மீட்ட பின்னர், இவளைப் போன்ற மங்கை முன்னும் இருந்ததுண்டோ என்று தருமபுத்திரர் வினவ, மார்க்கண்டேய முனிவர் விடையாகக் கூறிய கதை அது. மகாபாரதத்து வனபருவத்தில் ஏழே அத்தியாயங்களில் முடிவது. மத்திர நாட்டு மன்னனாகிய அசுவபதி மகப்பேறு வேண்டிச் சாவித்திரி தேவியைக் குறித்துப் 18 ஆண்டுகள் ஆகுதி சொரிந்தான். அத்தேவியின் அருளாற் பிறந்த பெண்ணுக்கு அவள் பெயரையே இட்டான். பெண் வளர்ந்தாள். அவளுடைய தேஜஸைக் கண்டு அஞ்சி ஓர் அரசகுமாரனும் அவளை வரித்து வரவில்லை என்று வியாசர் சொல்கின்ற இடம் நம் சிந்தனைக்கு உரியது. தந்தை, "உனக்கு ஏற்றவனை நீயே தேடிக்கொள்" என்று கூறி, முதிய மந்திரிகளைத் துணைகூட்டித் தேரில் அனுப்பினான். கண்ணையும் நாட்டையும் இழந்து காட்டில் வாழ்ந்த துயுமத்சேனனுடைய மகன் சத்தியவானை அவள் தேர்ந்தாள். குழந்தைப் பருவத்தில் மண்ணால் குதிரைகளைச் செய்தும் குதிரைச் சித்திரங்களை எழுதியும் விளையாடியமையால் அவனுக்குச் சித்திராசுவன் என்று மற்றொரு பெயரும் உண்டு. அவனுக்கு ஆயுள் இன்னும் ஓராண்டே என்று நாரதர் கூறியபின்னும் அவள் தன் சொல்லை மாற்றவில்லை; முதலில் மனத்தால் துணிந்து, பின் வாக்கால் உரைத்துவிட்டதைச் செயலால் முடிப்பதே தனக்குப் பிரமாணம் என்றாள்.

அந்த ஓராண்டும் ஒருவரிடமும் வாய் திறவாமல் நாட்களை எண்ணிக்கொண்டே பணிவிடை செய்த அப்பெண், இறுதி மூன்று இரவுகள் உண்ணாநோன்பிருந்து, குறித்த நாளில் கணவனுடன் காட்டுக்குச் செல்ல மாமனிடம் விடை கேட்டபோது, அக்கிழவர், இவள் இவ்வீட்டுக்கு வந்ததுமுதல் எதையும் கேட்டதாக எனக்கு நினைவில்லையே என்று சொல்லி அனுமதி தருகிறார். இவ்வொரு வாக்கியத்தில் அவள் வாழ்ந்த வாழ்வு முழுதும் தெரிகின்றது.

அதன்பின், காட்டில் சத்தியவான் உயிரைக் கவர்ந்து சென்ற எமனோடு நிகழ்ந்த வாதத்தைப் பற்றியே நம்மிடையே பெரும் பிழை வழங்குகிறது. சாவித்திரி எமனை ஏமாற்றி வரம் பெற்றாள் என்று பாட்டிமார் கதையிலும் மேடை நாடகத்திலும் கேட்டுக்கேட்டு அதனை நம்பிவிட்டோம். வியாசர் அவ்வாறு எழுதவில்லை. தென்திசை நோக்கிச் செல்லும் எமதருமனை அவள் தொடர்கிறாள். ஏழடி உடன் நடந்தாரிடையே நட்பு உண்டாகும் என்பர் சான்றோர், அந்நட்பை முன்னிட்டு ஒன்று சொல்வேன் என்று தொடங்குகிறாள். அறத்தைப் பற்றியும் நல்லோர் இணக்கத்தைப் பற்றியும் பேசுகிறாள். பின்னர், உயிர்களை நியமத்தால் அடக்குகின்றமையால் நீ யமன் எனப் பெயர் பெற்றாய், விவசுவானின் மைந்தனாதலின் வைவசுவதன் எனப் பெற்றாய் என்று, எமனுடைய பெயர்களின் பொருளை எமனுக்கே எடுத்துரைக்கிறாள்! கதிரவனுக்கு உரிய தேவியின் அருளால் பிறந்த பெண், கதிரவனின் மகனோடு பேசும் பேச்சு அது. தாகமுற்றவனுக்குத் தண்ணீர்போல உன் சொல் எனக்கு இனிக்கின்றது என்று தருமராசனே மொழிகின்றான். மாமனுக்குக் கண்ணும், பின் நாடும், தந்தைக்கு நூறு புதல்வரும், தனக்கு நூறு புதல்வரும் என நான்கு வரங்கள் அளிக்கும்போது, 'இவன் உயிர் நீங்கலாக' என்று விலக்குக் கூறிய எமன், ஐந்தாவது வரத்துக்கு மட்டும் அவ்விலக்கைக் கூறாமல் விடுகிறான். விடுபட்ட அச்சொல்லை அவள் கவனித்தாள். சத்தியவான் உயிரைக் கேட்டாள். தருமராசனும் மகிழ்ந்தே தந்தான். இதில் வஞ்சனை எங்கே இருக்கிறது? வாக்கின் நுட்பத்தை அறிந்த ஒருத்திக்கு, வாக்கின் நுட்பத்தை மதிக்கும் ஒருவன் அளித்த பரிசு அது.

உயிர் பெற்ற கணவன் இருட்டில் நடக்கமாட்டாது தளர்ந்தபோது, பழக்கூடையை மரக்கிளையில் மாட்டிவிட்டு, அவனுடைய கோடரியைத் தன் கையில் எடுத்துக்கொண்டு, அவன் தோளைத் தன் இடத்தோளில் தாங்கி, வலக்கையால் அவனை அணைத்தபடி அவள் நடத்திச் சென்றாள் என்று வியாசர் சித்திரிக்கின்றார். எமனோடு வழக்காடியதைக் காட்டிலும் இந்தக் கோடரியே எனக்கு அவளை நன்கு காட்டுகின்றது.

தமிழ்நாட்டில் அவளுடைய நினைவு காரடையான் நோன்பாக நிலைத்திருக்கிறது. வறுத்த அரிசிமாவும் காராமணியும் சேர்த்து, வெல்லத்தில் ஒன்றும் உப்பில் ஒன்றுமாக அடை வேகவைத்து, உருகாத வெண்ணெயுடன் நிவேதித்து, மஞ்சட் சரடு கட்டிக்கொள்ளும் அந்த நோன்பு, மாசியும் பங்குனியும் கூடுகின்ற முகூர்த்தத்தில், அது நள்ளிரவே ஆயினும், நடைபெற வேண்டும் என்பது வழக்கம். மாதங்கள் கூடும் அம்முகூர்த்தமாவது, சூரியன் கும்பராசியை விட்டு மீனராசியிற் புகும் கணமேயாகும். ஆகவே அப்பெயரில் உறைகின்ற ஸவிதாவை நம் தாய்மார்கள் அறிந்தோ அறியாமலோ விட்டுவிடவில்லை என்பது எனக்கு மிகுந்த ஆறுதல். வடபுலத்தார் ஆனித் திங்களையொட்டி, ஆலமரத்தைச் சுற்றி நூல் கட்டி வடசாவித்திரி விரதம் என்று இதனையே கொண்டாடுவர்.

புதுச்சேரியில் அரவிந்தர் நெடுங்காலம் திருத்தித் திருத்தி எழுதிய ஆங்கிலப் பெருங்காவியத்துக்குச் 'சாவித்திரி' என்றே பெயரிட்டார். ஏறத்தாழ 24,000 அடிகள் கொண்ட அந்நூல் 1950, 51-ஆம் ஆண்டுகளில் நூலுருப் பெற்றது. அவருடைய சாவித்திரி மண்ணுலகுக்கு இறங்கிவந்த சத்திய ஒளி.

மராட்டிய மண்ணில் அப்பெயரைத் தாங்கிய மற்றொருவரை நினையாமல் யான் அமர்தல் ஆகாது. 1831-இல் பிறந்த சாவித்திரிபாய் புலே, கணவர் ஜோதிராவுடன் சேர்ந்து 1848-இல் புனாவில் பெண்குழந்தைகளுக்குப் பள்ளி திறந்தார். வழியில் சாணமும் கல்லும் வீசப்பட்டபோதும் பாடம் சொல்லிக்கொடுப்பதை நிறுத்தவில்லை. 1897-இல் கொள்ளைநோய் கண்டவர்களுக்குப் பணிவிடை செய்து, அந்நோயாலேயே உயிர் நீத்தார். புத்தியைத் தூண்டுபவள் என்னும் பொருள் அவர் ஒருவரிடத்தில் உடம்பெடுத்து நின்றது. நான் அறிந்தவரையில் அப்பெயருக்கு அவரினும் பொருத்தமான உரை எழுதியவர் எவரும் இல்லை.

தாய்மார்களே, காரடையான் நோன்பு நாளில் உங்கள் பெண்ணின் கழுத்தில் சரடு கட்டும்போது, கும்பகோணம் இராமானுஜாசாரியார் பதிப்பித்த மகாபாரத வசனத்தில் வனபருவத்தின் அந்த ஏழு அத்தியாயங்களையும் அவளுக்குப் படித்துக் காட்டுங்கள். அவள் எழுத்தறிந்த பருவத்தினளாயின், அவளையே படிக்கச் சொல்லி நீங்கள் கேளுங்கள்.