கதையில் காலம் புரட்டல்
(சேதராப்பட்டில் ஆற்றிய சொற்பொழிவு)



ஒருபுறம் வயலும் மறுபுறம் தொழிற்கூடங்களுமாக விளங்கும் இச் சேதராப்பட்டில், பொழுது சாய்ந்த பின்னும் தமிழ் கேட்கத் திரண்டிருக்கின்றீர்கள். உங்கள்முன் என் பிழையொன்றை ஒப்புக்கொண்டே தொடங்குகின்றேன்.

பல்லாண்டுகளாக வகுப்பில் சிலப்பதிகாரக் கதையை நேர்வரிசைப்படுத்திச் சொல்லி வந்தேன். கோவலனின் அருஞ்செயல்களை எல்லாம் முதலிலேயே சொல்லிவிடுவேன். மதம்பட்ட யானையிடமிருந்து முதியவரை மீட்டதும், கணவன் கைவிட்ட பார்ப்பனப் பெண்ணின் துயர் தீர்த்ததும் என் கதையில் முன்னே நிற்கும். பிறகே மணம், பிரிவு, மதுரை, கொலை. மாணவர்க்கு எளிமையாக இருக்கும் என்பது என் எண்ணம். ஒருநாள் ஒரு மாணவி எழுந்து, “ஐயா, அவ்வளவு நல்லவன் ஏன் மனைவியை விட்டுப் போனான்?” என்றாள். விடை தெரியாமல் விழித்தேன். வீட்டிற்குப் போய் நூலை மீண்டும் விரித்தேன். குற்றம் இளங்கோவடிகளிடம் இல்லை. அவர் வைத்த வரிசையைக் குலைத்த என்னிடமே இருந்தது.

அடிகள் என்ன செய்கின்றார்? புகார்க் காண்டத்தில் பொருளைத் தொலைத்து மனைவியைப் பிரிந்தவனாகவே கோவலனைக் காட்டுகின்றார். நாமும் அவனை வெறுக்கின்றோம். அவன் பண்டு செய்த அறங்களை மாடலன் வாயிலாகச் சொல்வது 15-ஆவதாகிய அடைக்கலக் காதையில். அடுத்தது என்ன? கொலைக்களக் காதை! அவனை நாம் விரும்பத் தொடங்கிய அப்பொழுதே வாள் வீழ்கின்றது. முன் நிகழ்ந்ததைப் பின் வைத்தமையால் விளைந்த துயரம் இது.

பின் நிகழ்வதை முன் வைப்பதும் உண்டு. பதிகத்திலேயே முழுக்கதையும் சுருக்கமாக வந்துவிடுகின்றது. 9-ஆவதாகிய கனாத்திறம் உரைத்த காதையில், புகாரை விட்டுப் புறப்படுமுன்பே, கோவலனுக்கு வரும் பழியையும் அரசன்முன் தான் வழக்குரைப்பதையும் கண்ணகி கனவில் கண்டுவிடுகின்றாள். ஆகவே, என்ன நடக்கும் என்பதன்று நம் கேள்வி. எப்படி நடக்கும், ஏன் நடக்கும் என்பதே கேள்வி. முடிவு தெரிந்தும் நெஞ்சு பதைக்கின்றதே, அதுதான் காப்பிய ஆற்றல்!

இதற்கு வேர் நம் மொழியிலேயே இருக்கின்றது. உண்டுகொண்டிருப்பவனை வெளியிலிருந்து அழைத்தால், “இதோ வந்துவிட்டேன்” என்கின்றான். வரவில்லை, ஆயினும் வந்ததாகவே சொல்கின்றான். எறும்பு முட்டை சுமந்து மேடேறக் கண்ட உழவன் “மழை பெய்தது” என்கின்றான். பெய்யவில்லை, பெய்தே தீரும் என்னும் தெளிவு. விரைவும் மிகுதியும் தெளிவும் கரணியமாகக் காலம் மயங்கலாம் என்று தொல்காப்பியர் வினையியலில் விதி வகுத்துள்ளார். ஒரு சொல்லுக்கு அவர் கண்ட அவ்விதியை ஒரு கதைக்கும் விரித்துப் பார்க்கலாம் என்பது என் துணிவு. உள்ளம் விரும்பும் வரிசை வேறு, நாட்காட்டியின் வரிசை வேறு.

1954 வரை பிரெஞ்சியர் ஆண்ட மண் நம்முடையது. அந்நாட்டுத் திறனாய்வாளர் செரார் செனெத்து 1972-இல் வெளியிட்ட நூலில் கதையின் காலத்தை வரிசை, நீட்சி, எத்துணைமுறை சொல்லல் என்று மூன்றாகப் பகுத்தார். நன்று, கற்போம். அவர் நம்மிடம் பெற்றார் என்று வீண்பெருமை பேச வேண்டா. ஆனால், “காலம் புரட்டலை மேலையரே நமக்குக் கற்பித்தனர்” என்போர் சிலம்பைத் திறந்து பார்க்கட்டும். அவர் சொன்னவற்றையும் தமிழிலேயே சொல்லலாம்: முன்வைப்பு, பின்வைப்பு, நீட்டல், சுருக்கல். எந்த அயற்சொல் வேண்டும்?

நீட்டலுக்குச் சான்று தேடித் தொலைவு செல்ல வேண்டா. புதுவை தந்த பாவேந்தரின் குடும்ப விளக்கு ஐந்து பகுதிகள் உடையது. முதற்பகுதி முழுதும் ஒரு குடும்பத்தின் ஒரே நாள்! கடைசிப் பகுதியிலோ தலைவனும் தலைவியும் முதியோர். வைகறையில் எழுந்து இரவில் ஓயும் ஒரு பெண்ணின் உழைப்பு ஒரு பகுதியளவு பெரிது என்று, காலத்தை நீட்டியே காட்டிவிட்டார்.

மறு ஆண்டு, அடிகளின் வரிசைப்படியே வகுப்பில் சொன்னேன். அடைக்கலக் காதை முடிந்து கொலைக்களத்துக்கு வந்தபொழுது எவரும் வினாத் தொடுக்கவில்லை. மணி அடித்த பின்னும் எவரும் எழவில்லை.

ஆசிரியப் பெருமக்களே, கைகூப்பிக் கேட்கின்றேன். எளிமை என்ற பெயரால் நம் காப்பியங்களை நேராக்கிக் கொல்லாதீர்கள். தாய்மார்களே, பிள்ளைகட்குக் கதை சொல்லுங்கால் புலவன் வைத்த இடத்தில் வைத்தே சொல்லுங்கள். மொழியைக் காப்பது சொல்லைக் காப்பது மட்டுமன்று. அம்மொழி எண்ணிய முறையையும் காப்பதே ஆகும்.

வாழ்க தமிழ்! வெல்க தமிழ்!