ஃபானி என்ற நாய்

ஆங்கிலத்தில் 'டார்க் ரொமான்ஸ்' என்ற பெயரில் விற்பனையாகும் நாவல்களைப் பேசக் கூடியிருக்கிறோம். கொடுமைக்காரனைக் காதலனாகக் காட்டலாமா என்ற கேள்விதான் இங்கே முதலில் எழும். அந்தக் கேள்வி நம்மைத் தடை, தணிக்கை என்ற முட்டுச்சந்தில் கொண்டுபோய் நிறுத்தும். அடிபட்டவள் சொன்ன சொல்லுக்குக் கதை முடியும்வரை மதிப்பு இருக்கிறதா என்பதையே நாம் கேட்க வேண்டும் என்பது என் கருத்து.

1847இல் வெளிவந்த எமிலி பிரான்டேயின் 'வுதரிங் ஹைட்ஸ்' இவ்வகைக் கதைகளுக்கு ஒரு முன்னோடி. அதில் இசபெல்லா என்ற இளம்பெண் நாவலின் நாயகன் ஹீத்கிளிஃபோடு ஓடிப்போகும் இரவில், அவளுடைய நாய் ஃபானி தோட்டத்துச் சுவர்க் கொக்கியில் கைக்குட்டையால் கட்டித் தொங்கவிடப்பட்டிருக்கிறது. பணிப்பெண் நெல்லி இருட்டில் கையால் தடவித்தான் அதைக் கண்டுகொள்கிறாள். உயிர் போகும் தறுவாயில் அவிழ்த்துவிடுகிறாள். மணமானபின் இசபெல்லா நெல்லிக்கு எழுதும் நீண்ட கடிதம், என் கணவன் மனிதன்தானா என்று கேட்கிறது. ஹீத்கிளிஃபோ, தான் நாயைத் தொங்கவிட்டதை நேரில் கண்டும் அவள் தன்னைக் காதல் கதை நாயகனாகவே எண்ணிக்கொண்டாள் என்று தன் வாயாலேயே ஏளனம் செய்கிறான். வாசகர் எங்கே மயங்குவார் என்பதை நாவலே சொல்லிவிடுகிறது. அப்படியும் 1939இல் வில்லியம் வைலர் எடுத்த படம் நாவலின் அடுத்த தலைமுறையையே நீக்கிவிட்டது. பிள்ளைகள்மேல் ஹீத்கிளிஃப் தீர்த்துக்கொண்ட வன்மம் மறைந்து, பிரிந்துபோன அவனும் அவன் உண்மையில் காதலித்த இன்னொருத்தியும் ஆவியாய்ச் சேரும் காதல் மட்டும் மிஞ்சியது.

கற்பனை எது, வாழ்க்கை எது என்று படிக்கிற பெண்களுக்குத் தெரியாதா என்பார்கள். நன்றாகத் தெரியும். அமெரிக்க ஊர் ஒன்றின் காதல் நாவல் வாசகிகளிடம் பேசி ஆய்வாளர் ஜானிஸ் ராட்வே 1984இல் எழுதிய நூலின்படி, வீட்டு வேலைகளுக்கிடையே தமக்கென்று பிடித்துவைத்த நேரமாகவே அவர்கள் வாசிப்பைக் கருதினார்கள். அவர்களை ஏமாளிகள் என்பது அநியாயம். ஆனால், நாயகனின் தொடக்கக் கடுமையை மறைந்திருந்த அன்பு என்று பின்னால் திருத்திப் படிக்கவைக்கும் கதையமைப்பையும் அதே நூல் காட்டுகிறது. என் கவலை அந்தத் திருத்தத்தைப் பற்றியது. ஹெச். டி. கார்ல்டனின் 'ஹான்டிங் அடலைன்' நாவலில் (2021) துரத்துபவனும் துரத்தப்படுபவளும் மாறிமாறிக் கதை சொல்கிறார்கள். முன்பக்கத்தில் எச்சரிக்கைக் குறிப்பும் உண்டு. பெண்ணுக்குத்தான் குரல் இருக்கிறதே என்பது வலுவான மறுப்பு. எச்சரிக்கையையும் நான் வரவேற்கிறேன்; ஆனால் அது வாசகரைக் காக்குமே தவிர, கதைக்குள் இருப்பவளுக்காகப் பேசாது. அவள் எத்தனை பக்கம் பேசுகிறாள் என்று எண்ணிப் பயனில்லை. அச்சம் என்று முன்பு சொன்னது பின்பு ஆசையாகப் பெயர் மாறும்போது, அந்த முதல் சொல் பொய்யாகிவிடுகிறதா என்று பாருங்கள்.

இசபெல்லாவின் முதல் சொல் பொய்யாகவில்லை. கணவனிடமிருந்து தப்பி வந்த நாளில் அவள் திருமண மோதிரத்தைக் கழற்றித் தரையில் எறிகிறாள், அடிக்கிறாள், கணப்பு நெருப்பில் போடுகிறாள். பிறகு வண்டியேறிப் போகிறாள். எசமானியைத் திரும்பக் கண்ட களிப்பில் குரைத்துக்கொண்டு கூடவே போகிறது ஃபானி.